நான் கேட்காத பாதுகாப்பு

1

ஒரகடத்துக்கு நான் குடிவந்து இந்த மாதத்தோடு பத்து ஆண்டுகள் முடிந்தன. என் கணவர் செல்வம் அதை நினைவில் வைத்திருந்து படப்பையிலிருந்து பிரியாணி வாங்கி வந்தார். பொட்டலத்தைப் பிரிக்கும்போது என் கைப்பேசியில் கடன் அட்டையின் மாதக் கணக்கு வந்து விழுந்தது. சாப்பிட்டுவிட்டுப் பார்த்திருக்கலாம். உடனே பார்த்தேன். பிரியாணி ஆறிப்போனது.

மலேசியாவில் இதைப் படிக்கும் உங்களுக்கு முதலில் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். தமிழ்நாட்டில் இருக்கிறேன் என்றதும் எல்லாரும் கோபுரங்களைப் பற்றியும் பட்டுப்புடவைகளைப் பற்றியும்தான் விசாரிக்கிறீர்கள். நான் இருக்கும் இடத்தில் கார் செய்யும் கம்பெனி இருக்கிறது. அந்தக் காருக்குக் கதவு செய்யும் கம்பெனி இருக்கிறது. அந்தக் கதவுக்கு ரப்பர் செய்யும் கம்பெனியும் இருக்கிறது. நடுநடுவே பிடிவாதமாக நெல் விளையும் சில வயல்கள். கூலிமில் ரப்பர் மரங்கள் நின்ற, நாம் வளர்ந்த கித்தாக் காட்டை அழித்துவிட்டுத் தொழிற்பேட்டை கட்டினார்களே, அதற்கு இது தங்கச்சி முறை.

அந்தக் கூலிம் தொழிற்பேட்டைக்கு ஒப்பந்தத்தில் வேலைக்கு வந்தவர்தான் செல்வம். சொந்த ஊர் சேரப்பணஞ்சேரி. ஒப்பந்தம் முடிந்தது, அவர் திரும்பினார், நானும் ஐந்து வயது மகளோடு கூட வந்தேன். 'திரும்பி வந்துட்டீங்க' என்று இங்கே பலர் என்னிடம் சொல்கிறார்கள். என் பாட்டனார் இங்கிருந்து போனார், நான் போகவில்லையே. போகாதவள் எப்படித் திரும்புவது? வந்தேன், அவ்வளவுதான்.

இப்போது எனக்கு வேலை வல்லம் வடகாலில். கார்களுக்குள் ஓடும் மின்கம்பிகளைக் கட்டுக் கட்டாகச் சேர்த்துத் தரும் தொழிற்சாலை. புதிதாகச் சேரும் பெண்களுக்கு நான் பயிற்சி தருகிறேன். எங்கள் கேன்டீன் வாசலில் ஒருநாள் ஒரு வங்கியின் ஆட்கள் மேசை போட்டு, ஒரு தண்ணீர் பாட்டிலும் கொடுத்து, கடன் அட்டைக்கு ஆள் சேர்த்தார்கள். அப்படித்தான் எனக்கும் அட்டை வந்தது.

அன்றைக்கு வந்த கணக்கில் மளிகைக் கடை இருந்தது, பெட்ரோல் இருந்தது, மகளின் டியூஷன் இருந்தது. அவற்றுக்கு நடுவில் ஆங்கில எழுத்துகளும் எண்களும் ஒட்டிக்கொண்ட ஒரு பெயர். கடையா, கம்பெனியா, ஆளா என்று தெரியவில்லை. தொகை சிறியதுதான். ஆனால் அது நான் செலவழித்தது இல்லை.

2

வீட்டில் மூன்று பேர். செல்வத்தைக் கேட்டேன். "நான் உன் கார்ட தொட்டதே இல்லயே" என்றார். பிறகு மகள் இனியாவைப் பார்த்தேன். பத்தாம் வகுப்பு. கேட்கவில்லை, பார்த்தேன், அதுவே போதுமாக இருந்தது.

"இன்னாமா, என்ன சந்தேகப்படுறியா?"

"இல்ல, போன்ல ஏதாச்சும் விளையாட்டு, படம்…"

"நான் எடுத்தா கேட்டுக்கினுதான் எடுப்பேன். உனுக்கு இது தெரியாதா?"

தட்டை எடுத்துக்கொண்டு அறைக்குள் போய்விட்டாள். நான் பழைய மாதங்களின் கணக்கைத் திறந்தேன். சென்ற மாதமும் அதே பெயர். அதற்கு முந்தைய மாதமும். கட்டணம் என் சேமிப்புக் கணக்கிலிருந்து தானாகவே போய்விடுவதால் நான் கவனித்ததே இல்லை.

கதவைத் தட்டி, "உன்னைப் பார்த்தது தப்புதான்" என்றேன். கதவு திறக்கவில்லை. அதுவும் அந்தக் கணக்கில் சேர்ந்தது. என் பணத்தை எடுத்தவன், என் பிள்ளையை நான் சந்தேகப்படும்படியும் செய்துவிட்டான்.

3

மறுநாள் வேலைக்குக் கிளம்புவதற்கு முன் வங்கியின் எண்ணை அழைத்தேன். தமிழுக்கு இன்ன எண்ணை அழுத்தவும் என்றது, அழுத்தினேன். ஒரு பெண் பேசினார்.

"வணக்கம், ஏ.பி. வசந்தா மேடம்தானே?"

உங்களுக்குச் சிரிப்பு வரும். என் கடப்பிதழில், இங்கே சொன்னால் பாஸ்போர்ட்டில், 'வசந்தா a/p முனியாண்டி' என்றிருக்கிறது. முனியாண்டியின் மகள் என்று நம் நாட்டில் சின்னக் குழந்தைக்கும் தெரியும். இங்கே அந்தக் கோடு ஓர் அலுவலகத்தில் தொலைந்து, நான் ஏ.பி. வசந்தா ஆனேன். வெளிநாட்டவர் பதிவு அலுவலகத்தில் ஒருவர், "ஏ.பி.ன்னா ஆந்திராவா?" என்று கேட்டார். ஆதாரில் வெறும் வசந்தா, அட்டையில் ஏ.பி. வசந்தா. இந்த இரண்டு பெண்களையும் ஒருத்தி என்று நிரூபிப்பதிலேயே என் பத்தாண்டில் கணிசமான பகுதி போயிருக்கிறது.

நான் விஷயத்தைச் சொன்னேன்.

"அது கார்டு பாதுகாப்புத் திட்டம் மேடம். கார்டு தொலைஞ்சா, திருடு போனா உதவிக்கு. நீங்க போன்ல சம்மதம் சொல்லித்தான் சேத்திருக்கோம்."

"நான் சொல்லலையே."

"ரெக்கார்டிங் இருக்கு மேடம்."

"போட்டுக் காட்டுங்க."

"அதெல்லாம் வெளிய தர மாட்டாங்க மேடம். மேடம், தப்பா நெனைக்காதீங்க, நீங்க சிலோனா? பேச்சு வேற மாதிரி இருக்கு."

"மலேசியா."

"ஓ, அதான் மேடம். சொன்னது உங்களுக்குச் சரியா புரிஞ்சிருக்காது."

இதை அவர் ஆறுதலாகத்தான் சொன்னார். எனக்கு அதுவரை வராத கோபம் அப்போதுதான் வந்தது.

4

வந்த புதிதில் என் பேச்சு இந்தத் தெருவுக்கே பொழுதுபோக்கு. "வேலைக்காட்டுக்குப் போறேன்" என்று வேலை செய்யும் இடத்தை நம் வழக்கப்படி நான் சொன்னபோது என் மாமியார் பதறிப்போய், "எந்தக் காட்டுக்கும்மா?" என்று கேட்டார். பக்கத்து வீட்டம்மாவிடம் "பசியாறிட்டீங்களா?" என்று விசாரித்தபோது, அன்னதானத்துக்குக் கூப்பிடுகிறேனா என்று சிரித்தார். காடி என்றால் நமக்குக் கார், இங்கே புளித்த கஞ்சி. நான் காடியைக் கழுவினேன் என்றதும் மாமனார் சமையலறைக்குள் எட்டிப் பார்த்தார். எல்லாவற்றுக்கும் நானும் சேர்ந்தே சிரித்தேன். அன்பாகச் சிரித்தவர்களோடு சிரிப்பதில் குறைச்சல் ஒன்றுமில்லை.

இனியா மட்டும் சிரிப்பதில்லை. பள்ளியில் பெற்றோர் கூட்டம் என்றால், "நீ ஜாஸ்தி பேசாத, பேச்சுக்குப் பேச்சு அந்த மலேசியா 'லா' போடாத" என்று சொல்லித்தான் அழைத்துப் போவாள். அவள் தமிழ் சேரப்பணஞ்சேரித் தமிழ். என் அக்கா கூலிமிலிருந்து பேசும்போது கைப்பேசியை என்னிடம் தந்துவிட்டு, "பெரிம்மா பேசுறது பாதிதான் புரியுது" என்பாள்.

கூலிமில் எனக்கு இதே வயதில் வேறு கதை. பள்ளித் திடலில் சண்டை வந்தால் எதிரில் நிற்பவன் கடைசியாக வீசும் சொல், 'இந்தியாவுக்கே போ' என்பது. தொழிற்சாலையில் சேர்ந்த பிறகு, ஓய்வு நேரத்துக்காக மேலாளரிடம் மலாய்மொழியில் தகராறு செய்தேன். என் இலக்கணப் பிழையைத் திருத்திவிட்டு அவர் போய்விட்டார், கேட்டதற்குப் பதில் சொல்லவில்லை. அடுத்த வாரம் அதே பிழையோடு மறுபடி கேட்டேன். அதற்கடுத்த வாரமும். கடைசியில் நேரம் கிடைத்தது.

அங்கே என் மலாய் சரியில்லை, இங்கே என் தமிழ் சரியில்லை. ஆக, என்னிடம் யாரும் எதையும் எடுத்துக்கொள்ளலாம், எனக்குப் புரியவில்லை என்று சொன்னால் போதும். இதற்கு நான் ஒத்துக்கொள்வதாக இல்லை.

5

கேன்டீனில் சாப்பிடும்போது இதைச் சொல்லிக்கொண்டிருந்தேன். முத்துமாரி சாதத்தைப் பிசைவதை நிறுத்தினாள். தென்காசிப் பக்கத்துப் பெண். பிள்ளைப்பாக்கத்தில் விடுதியில் தங்கி வேலை பார்க்கிறாள், சம்பளத்தில் முக்கால்வாசி வீட்டுக்கு அனுப்புகிறாள். அவளுடைய கைப்பேசியை வாங்கிப் பார்த்தேன். அதே பெயர், அதே தொகை. அவளுக்கு அது ஆறு மாதமாகப் போகிறது.

"நான் அது கார்டுக்கான வாடகைன்னுல்லா நெனச்சேன்" என்றாள்.

"உனக்குப் போன் வந்துச்சா?"

"வந்துச்சுக்கா. நைட் ஷிப்ட் முடிச்சு தூங்கிட்டு இருந்தேன். என்ன கேட்டாங்க, என்ன சொன்னேன்னே தெரியல."

"வா, ரெண்டு பேரும் எழுதிக் கொடுப்போம்."

"வேண்டாங்க்கா. கம்பெனி வாசல்ல வந்து குடுத்த கார்டுல்லா? நாளைக்கு ஹெச்ஆர் கூப்பிட்டு, நீ பிரச்சன பண்ணுதியான்னு கேட்டா என்ன செய்யதுக்கு? எனக்கு இன்னும் நிரந்தரம் ஆகல."

அவளை நான் வற்புறுத்தவில்லை. என் வேலை நிரந்தரம். பயப்படாமல் இருப்பது எனக்குச் சுலபம்.

வீட்டில் செல்வம் வேறு மாதிரிப் பேசினார். "வுடு வசந்தா. திட்டத்த நிறுத்தச் சொல்லிட்டு வேலயப் பாரு. போன துட்டு போச்சு. இதுக்குப் போயி லீவு போட்டுகினு அலையணுமா?"

"அலையுறேன்."

"கெடைக்கலன்னா?"

"கெடைக்கலன்னாலும் நான் சம்மதிக்கலன்னு அவங்க எழுதணும்."

"எழுத மாட்டாங்க" என்றார். பிறகு, "வண்டில வுட்டுட்டு வரவா?" என்று கேட்டார். செல்வத்தின் சம்மதம் எப்போதும் இந்த வடிவத்தில்தான் வரும்.

6

வங்கிக் கிளையில் மறுப்புப் படிவம் கொடுத்தேன். ஒரு வாரம் கழித்துத் திரும்பி வந்தது. படிவத்தில் இருக்கும் பெயரும் ஆதாரில் இருக்கும் பெயரும் ஒத்துப்போகவில்லையாம். அட்டைக்குப் பணம் எடுக்கும்போது ஒத்துப்போன பெயர், திருப்பிக் கேட்கும்போது ஒத்துப்போகவில்லை. கடப்பிதழ், ஆதார், திருமணச் சான்றிதழ் மூன்றையும் நகலெடுத்து மறுபடி கொடுத்தேன்.

அடுத்த பதில் மின்னஞ்சலில் ஆங்கிலத்தில் வந்தது. மறுப்பு நிராகரிக்கப்பட்டது. வாடிக்கையாளரின் சம்மதம் தொலைபேசியில் பதிவாகியுள்ளது. வாடிக்கையாளர் அயல்நாட்டவர் என்பதால் மொழியைச் சரியாகப் புரிந்துகொள்ளாமல் இருந்திருக்கலாம்.

அன்றைக்கு மேசையில் பாடம் படித்துக்கொண்டிருந்த இனியாவிடம், வரிகளில் எனக்கு ஒரு சந்தேகம் இருந்ததால், படித்துக் காட்டச் சொன்னேன். படித்தாள். கடைசி வரியில் நிறுத்திவிட்டு மறுபடி படித்தாள்.

"இன்னா இது? உனுக்குத் தமிழ் தெரியாதுன்னு எழுதிகிறாங்க?"

"அப்படித்தான் எழுதியிருக்காங்க."

"உனுக்கா? எனுக்கு அ, ஆ சொல்லிக் குடுத்ததே நீதானே!" எழுந்து நின்றுவிட்டாள். "நம்ம வூட்ல தமிழ்ல தப்பில்லாம எழுதத் தெரிஞ்ச ஒரே ஆளு நீதான். அப்பாக்கு ள, ழ எதுவும் வராது."

உள்ளே இருந்து செல்வம், "ஏய்" என்றார்.

அன்றைக்கு அவள் என் பக்கத்தில் உட்கார்ந்து வங்கியின் குறைதீர் அதிகாரிக்கான கடிதத்தை ஆங்கிலத்தில் தட்டச்சு செய்தாள். பதிவை நான் கேட்க வேண்டும், கேட்கவிடாவிட்டால் வங்கிக்கு வெளியே இருக்கும் குறைதீர்ப்பாளரிடம் போவேன் என்பதுதான் சாரம். பெயர் வந்த இடத்தில் a/p என்று கோட்டோடு போட்டாள். "கோடு இருக்கட்டும். அவங்க பழகிக்கட்டும்" என்றாள்.

நான் சந்தேகப்பட்ட நாளைப் பற்றி அவளும் பேசவில்லை, நானும் பேசவில்லை. ஆனால் அவள் அறைக் கதவு திறந்திருந்தது.

7

கிளைக்கு வந்து பதிவைக் கேட்கலாம் என்று பதில் வந்தது. நான் கிளம்பியபோது தொழிற்சாலை வாசலில் முத்துமாரி நின்றிருந்தாள். "சும்மா கூட வாரேன்கா. வாய தெறக்க மாட்டேன்" என்றாள்.

துணை மேலாளர் மரியாதையான மனிதர். தண்ணீர் கொடுத்தார். கணினியில் பதிவை ஓடவிட்டார். பதிவில் எங்கள் தொழிற்சாலையின் சங்கு ஒலிக்கிறது. லாக்கர்க் கதவுகளை அடித்துச் சாத்துகிறார்கள். ஷிப்ட் மாறும் நேரம். ஒருவர் மூச்சுவிடாமல் ஏதோ சொல்லிக்கொண்டே போகிறார். நான் இரண்டு முறை "என்ன?" என்கிறேன். முடிவில் அவர், "இந்தத் திட்டத்த உங்க கார்டுல வச்சிடலாமா மேடம்?" என்கிறார். எனக்கு உற்பத்தி வரிசைக்கு நேரமாகிவிட்டது, நான் சொல்கிறேன்:

"லைனுக்குப் போகணும் லா. வச்சிடுங்க, வச்சிடுங்க."

பதிவு முடிந்தது. துணை மேலாளர் கையை விரித்தார்.

"நீங்களே சொல்றீங்களே மேடம். வச்சிடலாமான்னு கேக்குறாங்க, வச்சிடுங்கன்னு சொல்றீங்க."

"போனை வச்சிடுங்கன்னு சொன்னேன்."

"உங்க ஊர்ல அப்படிச் சொல்வீங்களா இருக்கும். இங்க அதுக்கு அர்த்தம் வேற இல்லையா?"

நான் கைப்பேசியை எடுத்து, எல்லாருக்கும் கேட்கும்படி வைத்து, செல்வத்தை அழைத்தேன்.

"இன்னா வசந்தா, இன்னும் பேங்க்லதான் கீறியா? நான் வரவா?"

"வேணாம். வேலையா இருக்கேன், வச்சிடுங்க."

"சரி சரி." இணைப்பைத் துண்டித்துவிட்டார்.

"சார், இவர் என் வீட்டுக்காரர். சேரப்பணஞ்சேரி. அவங்க அப்பா, தாத்தா எல்லாரும் அதே ஊரு. நான் வச்சிடுங்கன்னதும் அவர் என்ன பண்ணினார்? ஏதாச்சும் திட்டத்துல சேந்தாரா?"

பின்னால் பணம் கட்ட நின்றிருந்த ஒரு பெரியவர் சத்தமாகச் சிரித்தார். "போனத்தான் சார் வெக்கச் சொல்லுது அந்தம்மா. இது கூடவா புரியல?"

துணை மேலாளருக்கும் சிரிப்பு வந்தது, அடக்கிக்கொண்டார். நான் சிரிக்கவில்லை.

"சார், நான் பேசுனது தமிழ். உங்க ஆளுக்குக் காது கேக்கல. அதுக்கு என் மொழியை ஏன் குத்தம் சொல்றீங்க?"

மேலிடத்துக்கு எழுதுகிறேன் என்றார்.

8

எழுதினார், அதைச் சொல்ல வேண்டும். சில நாட்களில் என்னைக் கூப்பிட்டு, பணம் முழுவதும் திரும்ப வருகிறது, ஒரு கையெழுத்து மட்டும் வேண்டும் என்றார். ஷிப்ட் முடிந்து போனேன். முத்துமாரி இந்த முறையும் வந்தாள், கையில் தன் கணக்குகளை அச்செடுத்து மடித்து வைத்திருந்தாள். நான் கேட்காமலே கொண்டுவந்திருந்தாள்.

ஒப்புதல் கடிதத்தைத் தமிழிலேயே அடித்திருந்தார்கள். 'வாடிக்கையாளருக்கு ஏற்பட்ட மொழிக் குழப்பத்தைக் கருத்தில் கொண்டு, வங்கி நல்லெண்ண அடிப்படையில் தொகையைத் திருப்பி அளிக்கிறது.'

"கையெழுத்துப் போட்டீங்கன்னா இன்னிக்கே பணம் வந்துடும் மேடம்."

எனக்கு வரவேண்டியது வந்துவிட்டது. போட்டுவிட்டு வந்திருக்கலாம். செல்வம் வெளியே வண்டியில் காத்திருந்தார், இனியாவுக்கு மறுநாள் பரீட்சை. ஆனால் அந்த வரியில் நான் கையெழுத்துப் போட்டால், தமிழ் தெரியாதவள் என்று நானே எழுதிக்கொடுத்தவள் ஆவேன். என் பின்னால் நிற்பவளுக்கும் அதையே நீட்டுவார்கள். அவளுக்கு என்ன குழப்பம் என்று போடுவார்கள்? தூக்கக் குழப்பமா?

பேனாவை எடுத்து அந்த வரியைக் குறுக்கே அடித்தேன். அதன் மேல், 'என் சம்மதம் பெறாமல் எடுத்த தொகையை வங்கி திருப்பித் தருகிறது' என்று எழுதினேன். கீழே வசந்தா a/p முனியாண்டி என்று கையெழுத்திட்டேன்.

துணை மேலாளர் பாதி எழுந்துவிட்டார். "மேடம், அது அச்சடிச்ச வாசகம். அதை அடிக்கக் கூடாது."

"அடிச்சாச்சு சார்."

"மேலிடத்துல ஒத்துக்க மாட்டாங்க."

"அப்போ எனக்குப் பணம் வேணாம். நான் குறைதீர்ப்பாளர்கிட்ட போறேன். அங்க இந்தப் பதிவை எல்லாருக்கும் போட்டுக் காட்டுங்க."

அவர் தாளைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். கைப்பேசியை எடுத்துக்கொண்டு உள்ளே போய் யாரிடமோ வெகுநேரம் பேசினார். திரும்பி வந்து என் திருத்தத்தின் பக்கத்தில் முத்திரை குத்தி, தன் சுருக்கொப்பத்தையும் போட்டார். நகலைக் கேட்டேன், கொடுத்தார்.

எழுந்து, நான் உட்கார்ந்திருந்த நாற்காலியைப் பின்னால் நின்றவளுக்காகத் திருப்பிப் போட்டேன். முத்துமாரி ஒரு கணம் தயங்கினாள். பிறகு உட்கார்ந்து, மடித்த தாள்களை மேசைமேல் வைத்துக் கையால் நீவி விரித்தாள்.

"சார்," என்றாள், "நான் தூங்கிட்டு இருந்தேன். நான் பேசுனதயும் போடுங்க, கேப்போம்."